வேட்டி கட்டிய ஸ்பைடர்மேனும் ஷரத் தேவராஜனும்: ஒரு தயாரிப்பாளரின் பாதை

2023 ஜூன்ல 'ஸ்பைடர்மேன்: அக்ராஸ் த ஸ்பைடர்-வெர்ஸ்' படம் தமிழ்லயும் வந்துச்சு. மதுரையில ஒரு தியேட்டர்ல பையனைக் கூட்டிட்டுப் போய் உட்கார்ந்தேன். 'மும்பாட்டன்'ங்கிற கற்பனை நகரத்துல பவித்ர் பிரபாகர்னு ஒரு இந்திய ஸ்பைடர்மேன் கட்டடம் கட்டடமா தாவிக்கிட்டு வந்தப்போ தியேட்டரே கத்துச்சு. வெளியே வந்ததும் பையன் கேட்டான்: "அப்பா, இவன நம்ம ஆளுங்க கண்டுபிடிச்சாங்களா, அவங்களா?"

கேள்வி சின்னது. பதில் சொல்ல எனக்குப் பல வாரம் ஆச்சு. அந்தத் தேடல்ல திரும்பத் திரும்ப எதிர்ப்பட்ட பெயர் ஷரத் தேவராஜன். அமெரிக்க இந்தியர். காமிக்ஸ் பதிப்பாளரா ஆரம்பிச்சு, அறிவியல் புனைவு அனிமேஷன் தொடர் தயாரிப்பாளரா வளர்ந்தவர். அவர் கடந்து வந்த பாதையைப் பார்த்தா, குழந்தைகளுக்கான அறிவியல் கதை இந்தியாவுல ஏன் இப்படித் தடுமாறுதுன்னு ஓரளவு புரியுது. அதனால அதை எழுதி வைக்கிறேன்.

முதலில் சிவகாசி

நியூயார்க்குக்குப் போறதுக்கு முன்னாடி சிவகாசிக்குப் போகணும். மதுரையிலிருந்து பஸ்ல ரெண்டு மணி நேரப் பயணம்தான்.

1972ல முத்து காமிக்ஸ் 'இரும்புக்கை மாயாவி'யோட ஆரம்பிச்சது. 1984ல லயன் காமிக்ஸ் வந்தது. பழைய பேப்பர் கடையில எடைக்கு வாங்கிப் படிச்ச என் தலைமுறைக்கு அறிவியல் புனைவுங்கிறது இந்த ரெண்டு பேரும்தான். மின்சாரம் பாய்ஞ்சா உடம்பு மறைஞ்சு இரும்புக் கை மட்டும் தெரியிற மாயாவி, சட்டித்தலையன் ஆர்ச்சிங்கிற ரோபோ, வலைத் துப்பாக்கி வச்சிருந்த குற்றச் சக்கரவர்த்தி ஸ்பைடர். எங்க தெருவுல "ஸ்பைடர்"னு சொன்னா இந்த வில்லன் ஸ்பைடர்தான். அமெரிக்க ஸ்பைடர்மேன் அப்புறம் வந்த ஆள்.

ஆனா மூணு பேருமே பிரிட்டிஷ் வார இதழ்கள்ல பிறந்தவங்க. சிவகாசி செய்தது உரிமம் வாங்கி, தமிழ்ல பெயர்த்து, நியூஸ்பிரிண்ட்ல அச்சடிச்சு, பஸ் ஸ்டாண்டு கடை வரைக்கும் கொண்டுபோய்ச் சேர்த்தது. அது பெரிய வேலை. அந்தத் தமிழ் இல்லைன்னா நான் இன்னிக்கு எழுதியிருக்கவே மாட்டேன். அதே சமயம், மாயாவி பொம்மை போட்ட ஒரு டிபன் பாக்ஸ் விக்கணும்னா அனுமதி பிரிட்டன்லருந்துதான் வரணும்.

இதை ஞாபகத்துல வச்சுக்கோங்க. தேவராஜனும் ஆரம்பிச்சது இதே தொழில்லதான்.

உரிமம் வாங்கி விற்பவர்

1997ல தேவராஜன், சுரேஷ் சீதாராமன் ஆகியோர் சேர்ந்து கோதம் காமிக்ஸைத் தொடங்கினாங்க. மார்வல், டிசி கதைகளை உரிமம் வாங்கி இந்தியப் பதிப்பா வெளியிடுறதுதான் தொழில். கேபிள் டிவி வீடு வீடா நுழைஞ்சுட்டிருந்த நேரம். கார்ட்டூன் சேனல்களைப் பார்த்து வளர்ற ஒரு தலைமுறைக்கு அந்த நாயகர்கள் முகம் ஏற்கனவே தெரியும். புத்தகத்தைக் குறைஞ்ச விலையில கொடுத்தா போதும்.

சாஃப்ட்வேர் ஆட்கள் பாஷையில சொன்னா இது 'ரீசெல்லர்' வேலை. ரிஸ்க் குறைவு, லாபமும் அளவானது. முக்கியமா, நாளைக்கு உரிமம் குடுக்கிறவன் வேற ஆளைப் பார்த்துக்கிட்டான்னா கையில ஒண்ணும் மிஞ்சாது.

அடுத்த படி 2004ல வந்தது. மார்வலோட சேர்ந்து 'ஸ்பைடர்மேன்: இந்தியா'ங்கிற நாலு இதழ் தொடர் அறிவிக்கப்பட்டது. உருவாக்கினவங்க தேவராஜன், சீதாராமன், ஓவியர் ஜீவன் ஜே. காங். பீட்டர் பார்க்கர் இங்க பவித்ர் பிரபாகர். ஸ்காலர்ஷிப் கிடைச்சு மும்பைக்குப் படிக்க வந்த கிராமத்துப் பையன். அங்கிள் பென் இங்க பீம் மாமா, ஆன்ட்டி மே இங்க மாயா அத்தை. ஸ்பைடர்மேன் உடைக்குக் கீழே வேட்டி மாதிரி ஒரு கட்டு. இதை வெறும் மொழிபெயர்ப்புன்னு சொல்லாம 'டிரான்ஸ்கிரியேஷன்'னு அவங்க சொன்னாங்க. கதையைப் பிடுங்கி வேற மண்ணுல நடுறது.

இங்க ஒரு விஷயத்தைக் கவனிச்சீங்களா? அமெரிக்கக் கதையில பீட்டரைக் கடிச்சது கதிரியக்கச் சிலந்தி. விபத்து நடந்தது ஒரு அறிவியல் கண்காட்சியில. 1962ல அணுகுண்டு பயத்துல இருந்த அமெரிக்காவுல பிறந்த கற்பனை அது. இந்தியப் பவித்ருக்குச் சக்தி கொடுத்தது ஒரு யோகி. கிரீன் காப்ளின் இடத்துல ஒரு ராட்சசன் வந்தான். மண்ணு மாறினப்போ அறிவியல் உதிர்ந்து, மந்திரம் முளைச்சது.

தேவராஜனை மட்டும் இதுக்குக் குறை சொல்ல மாட்டேன். ஒரு சந்தைக்கு எது சட்டுன்னு புரியும்னு பார்க்கிறது தயாரிப்பாளரோட வேலை. ஆனா இந்த இழுபறி, சோதனைக்கூடமா ஆசிரமமாங்கிற இழுபறி, அவர் வாழ்க்கை முழுக்கக் கூடவே வருது.

3392ல ஒரு ராமாயணம்

2006ல விர்ஜின் காமிக்ஸ் தொடங்கியது. ரிச்சர்ட் பிரான்சனோட விர்ஜின் குழுமம், தீபக் சோப்ரா, அவர் மகன் கோதம் சோப்ரா, இயக்குநர் சேகர் கபூர் இவங்களோட தேவராஜன், சீதாராமன் கூட்டு. ஓவியக்கூடம் பெங்களூருல. அதுவரைக்கும் அடுத்தவன் பாத்திரத்தை விற்றவங்க இப்போ சொந்தமா உருவாக்க ஆரம்பிச்சாங்க.

அதுல எனக்குப் பிடிச்சது 'ராமாயண் 3392 ஏ.டி.' பேரழிவுக்குப் பிந்தைய எதிர்கால பூமியில நடக்கிற ராமாயணம். எழுத்து ஷாமிக் தாஸ்குப்தா, ஓவியம் அபிஷேக் சிங். நம்ம புராணத்தை வச்சே அறிவியல் புனைவு செய்யலாம்ங்கிற யோசனை. யோகியைக் கொண்டுவந்து அறிவியலை வெளியே அனுப்பாம, ரெண்டையும் ஒரே அறையில உட்கார வைக்கிற முயற்சி.

பேச்சு பரவலா இருந்துச்சு, ஆனா நிறுவனம் நிலைக்கல. 2008ல நியூயார்க் அலுவலகம் மூடப்பட்டது. உலகப் பொருளாதாரமே ஆட்டம் கண்ட ஆண்டு அது. நிர்வாகத்துல இருந்தவங்களே நிறுவனத்தை வாங்கி லிக்விட் காமிக்ஸ்னு பெயர் மாத்தினாங்க.

தொழில்ல இருக்கிறவங்களுக்கு இந்தக் கட்டம் நல்லாப் புரியும். முதலீட்டாளர் போயாச்சு, கையில இருக்கிறது படமும் பாத்திரமும் மட்டும். ஆனா இந்த முறை அது சொந்தப் பாத்திரம். கோதம் காமிக்ஸ் காலத்துல இதே அடி விழுந்திருந்தா மிஞ்சியிருக்க ஒண்ணுமே இருந்திருக்காது.

சக்ரா வருகிறான்

அப்புறம்தான் தொலைக்காட்சி. தேவராஜனோட அடுத்த நிறுவனமான கிராஃபிக் இந்தியாவுல பீட்டர் செர்னின் தரப்போட சிஏ மீடியா முதலீடு செய்தது. ஸ்பைடர்மேனை ஸ்டீவ் டிட்கோவோட சேர்ந்து உருவாக்கின ஸ்டான் லீ, தன்னோட பவ் என்டர்டெயின்மென்ட் நிறுவனம் மூலமா இவங்களோட கைகோத்தார். 2011ல அறிவிப்பு, 2013 நவம்பர் 30ல கார்ட்டூன் நெட்வொர்க் இந்தியாவுல முதல் டிவி படம்: 'சக்ரா: த இன்வின்சிபிள்'.

கதை இதுதான். ராஜு ராய், மும்பைப் பையன், தொழில்நுட்பத்துல கெட்டிக்காரன். விஞ்ஞானி டாக்டர் சிங்கோட சேர்ந்து ஒரு உடையை உருவாக்குறான். யோக மரபு சொல்ற ஏழு சக்கரங்களை அந்த உடை தூண்டிவிடுது, அதுலருந்து சக்தி வருது.

2004ஐயும் 2013ஐயும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் பாருங்க. பவித்ருக்குச் சக்தி தானமா வந்தது, யாரோ கொடுத்தாங்க. ராஜு தானே செய்து போட்டுக்கிட்டான். சக்கரம்ங்கிற கருத்து மரபுலருந்து வருது, ஆனா அதை இயக்குறது ஒரு பையன் கையால செய்த கருவி. குழந்தைக்கு இது சொல்ற சேதி வேற. "நல்லவனா இரு, சாமி குடுக்கும்"னு சொல்லாம, "பிரிச்சுப் பாரு, பூட்டிப் பாரு"னு சொல்லுது. இந்த ஒரு காரணத்துக்காகவே தேவராஜன் வேலைகள்ல சக்ராவை நான் மேலே வைப்பேன்.

2016ல மேலும் டிவி படங்கள் வந்தன. அதே ஆண்டு விக்ரமாதித்ய மோட்வானே இயக்கத்துல நடிகர்களை வச்சு சக்ரா திரைப்படம்னு அறிவிப்பும் வந்தது. நான் இதை எழுதுற வரைக்கும் அந்தப் படம் திரைக்கு வரல. ஸ்டான் லீ 2018 நவம்பர்ல காலமானார். சக்ரா ஓரத்துக்குப் போயிட்டான்.

கணக்கு எங்கே இடிக்குது?

ஏன் ஓரத்துக்குப் போறான்? பணக் கணக்கைப் பார்க்கலாம்.

ஒரு கார்ட்டூன் எபிசோடு சுமார் 22 நிமிஷம். நொடிக்கு 24 ஃபிரேம்னு வச்சா 31,680 ஃபிரேம். ஒரே ஓவியத்தை மூணு ஃபிரேமுக்கு நிறுத்தி மிச்சம் பிடிச்சாலும் 10,560 ஓவியம். அசையாத முகத்துல வாய் மட்டும் அசைக்கிறது, அதே ஓட்டத்தைத் திரும்பப் போடுறது, பின்னணியை மட்டும் நகர்த்துறதுன்னு இன்னும் சுருக்கலாம். ஜப்பான்ல ஒசாமு தெசுகா 1963 ஜனவரி 1ல 'ஆஸ்ட்ரோ பாய்' தொடரை இப்படித்தான் வாராவாரம் ஓட்டினார். செலவுக்கும் கீழான விலைக்குச் சேனலுக்குக் கொடுத்து, பொம்மை, சாக்லேட் உரிமத்துல ஈடுகட்டப் பார்த்தார். அவரோட முஷி புரொடக்‌ஷன் 1973ல திவாலானது. அறிவியல் புனைவு அனிமேஷனோட பிதாமகருக்கே இந்தக் கதி.

இந்தியச் சேனல் முன்னாடி ரெண்டு வழி இருக்கு. பத்தாயிரம் ஓவியத்துக்குப் பணம் கொடுக்கிறது ஒண்ணு. ஏற்கனவே வேற நாட்டுல லாபம் பார்த்து முடிச்ச தொடரை வாங்கி, சில குரல் கலைஞர்களை வச்சு டப்பிங் பண்றது இன்னொண்ணு. 2007ல சுட்டி டிவி வந்தப்போ நம்ம பிள்ளைங்க 'ஜாக்கி சான்' தொடரைத் தமிழ்ல பார்த்துச் சிரிச்சது ரெண்டாவது வழியால. அந்த டப்பிங்கை நான் குறைவா மதிக்கல, அது சிவகாசி செய்த வேலையோட டிவி வடிவம். ஆனா சேனலோட கணக்குப்பிள்ளை எந்த வழியைத் தேர்ந்தெடுப்பார்னு உங்களுக்கே தெரியும்.

இந்த வேலியைத் தாண்டினவர் ஹைதராபாத்துல ஒருத்தர்: ராஜீவ் சிலகா. அமெரிக்காவுல கம்ப்யூட்டர் சயின்ஸ் படிச்சு, வேலையை விட்டுட்டு அனிமேஷன் கத்துக்கிட்டு, 2001ல கிரீன் கோல்டைத் தொடங்கினார். 2008ல போகோ சேனல்ல 'சோட்டா பீம்'. அவர் நிறுவனத்தோட 'மைட்டி ராஜு'வுல கர்ப்பமா இருந்த அம்மா 'நியூட்ரினோ' கரைசலைத் தெரியாம குடிச்சதால பையனுக்குச் சக்தி வருது. பொட்டிபுரத்துல நியூட்ரினோ ஆய்வகத்துக்கு எதிரான போராட்டத்தைப் பார்த்த நம்ம பக்கத்து ஆளுங்களுக்கு இதைக் கேட்டா சிரிப்பு வரும். ஆனா பாருங்க, பொம்மையும் புத்தகப்பையுமா கடைத்தெரு வரைக்கும் வந்தவன் லட்டு தின்கிற பீம்தான். பீம்ங்கிற பேரை யாருக்கும் விளக்க வேண்டியதில்ல. விளம்பரச் செலவை வியாசர் ஏற்கனவே செய்துட்டுப் போயிட்டார்.

தேவராஜனும் அந்தப் பக்கம்தான் நகர்ந்தார். கிரான்ட் மாரிசன் எழுத, முகேஷ் சிங் வரைய, குருக்ஷேத்திரப் போரை எதிர்கால ஆயுதங்களோட காட்டின '18 டேஸ்' யூடியூபில் அனிமேஷன் தொடரா வந்தது. அதுல இன்னும் அறிவியல் வாசனை இருந்துச்சு. 2017ல ராஜமௌலியோட சேர்ந்து அமேசான் பிரைமுக்கு 'பாகுபலி: த லாஸ்ட் லெஜண்ட்ஸ்'. 2021 ஜனவரியில டிஸ்னி பிளஸ் ஹாட்ஸ்டார்ல 'த லெஜண்ட் ஆஃப் ஹனுமான்', தமிழ் உட்பட ஏழு மொழியில. இதுதான் அவரோட பெரிய வெற்றி, சீசன் சீசனா தொடர்ந்துச்சு. 2024ல 'பாகுபலி: கிரவுன் ஆஃப் பிளட்'.

ஓவியத் தரத்துல ஹனுமான் தொடர் சக்ராவை விட எங்கேயோ மேலே இருக்கு. ஒளி, நிழல், போர்க் காட்சி எல்லாம் உழைப்பு. 2004ல பவித்ரை வரைஞ்ச அதே ஜீவன் காங் இதோட உருவாக்குநர்கள்ல ஒருத்தர். இருபது வருஷக் கைத்திறன் அதுல தெரியுது. ஆனா 3392ஆம் ஆண்டை நோக்கிக் கிளம்பின வண்டி திரேதா யுகத்துல போய் நின்னிருக்கு.

சென்னையும் வரைஞ்சது

"தமிழ்நாட்டுல திறமை இல்லையா?"ன்னு கேட்கலாம். நிறைய இருக்கு. 2000ல வந்த 'சிந்துபாத்: பியாண்ட் த வெய்ல் ஆஃப் மிஸ்ட்ஸ்', மோஷன் கேப்சரை வச்சு உருவான முதல் முழுநீளக் கணினி அனிமேஷன் படம். தயாரிச்சது சென்னையோட பென்டாஃபோர். அதே நிறுவனம் பென்டாமீடியாங்கிற பெயர்ல எடுத்த 'பாண்டவாஸ்: த ஃபைவ் வாரியர்ஸ்' சிறந்த ஆங்கிலப் படத்துக்கான தேசிய விருது வாங்குச்சு. சிந்துபாத், பாண்டவர். பழங்கதைதான் அங்கேயும்.

என் அக்கா பையன் மதுரையில மல்டிமீடியா படிச்சுட்டு சென்னையில விஷுவல் எஃபெக்ட்ஸ் கம்பெனி ஒண்ணுல இருக்கான். வெளிநாட்டுப் படங்களுக்கு ரோட்டோ வேலை. நடிகரோட ஓரத்தை ஃபிரேம் ஃபிரேமா பிரிச்சுக் கொடுக்கணும், பின்னணியை வேற ஊர்ல வேற ஆள் மாத்திக்குவான். பொங்கலுக்கு வந்தப்போ கேட்டேன், "இப்போ என்னடா வரையிற?" சொன்னான்: "வரையிறது எங்க மாமா? வெட்டித் தர்றேன்." சின்ன வயசுல நோட்டுப் புத்தகம் பூரா ரோபோ வரைஞ்ச பய அவன்.

எனக்கு அது சுருக்குன்னு பட்டுச்சு. நானும் இருபது வருஷமா அடுத்தவன் பொருளுக்குத்தான் கோடு எழுதுறேன். சம்பளம் சரியா வருது, குறை சொல்லல. ஆனா நான் எழுதினதுல என் பேர்ல ஒரு வரி கிடையாது.

பையனுக்குச் சொன்ன பதில்

கடைசியில பையனுக்கு இப்படிச் சொன்னேன். "பவித்ரை நம்ம ஆளுங்கதான் கண்டுபிடிச்சாங்க. ஆனா அவன் மார்வல் வீட்டுப் பிள்ளை. 2004ல எழுதி வரைஞ்சு கொடுத்தவங்க பேர் படத்தோட கடைசியில ஓடும், நாம அதுக்குள்ள எந்திரிச்சு வந்துட்டோம்."

அவன் யோசிச்சுட்டு, "அப்ப நம்ம வீட்டுப் பிள்ளை யாரு?"ன்னான்.

சக்ராவைக் காட்டினேன். மும்பைப் பையன், ஆங்கிலமும் இந்தியும் பேசுறான், பாதி உரிமை ஸ்டான் லீ ஆரம்பிச்ச கம்பெனிப் பக்கம். இருந்தாலும் தானே உடை செய்து போட்டுக்கிற பையன். என் பையனுக்குப் பிடிச்சிருந்துச்சு. ரெண்டு நாள் கழிச்சு வீட்டுல இருந்த பழைய ரிமோட்டை ஸ்குரூ டிரைவரால பிரிச்சு வச்சிருந்தான், திரும்பப் பூட்டத் தெரியல. அவன் அம்மா என்னைத் திட்டினாள்.

உரிமம் வாங்கி விற்றது, அடுத்தவன் நாயகனுக்கு வேட்டி கட்டினது, சொந்தமா ஒரு விஞ்ஞானிப் பையனைச் செய்தது, கடைசியில ஹனுமான்கிட்ட போய்ச் சேர்ந்தது. தேவராஜனோட இந்த நாலு கட்டத்துல மூணாவதுதான் இன்னும் முடியாம நிக்குதுன்னு நினைக்கிறேன். அதை முடிக்க அவரேதான் வரணும்னு இல்ல. சிவகாசியில மாயாவியைப் படிச்சு வளர்ந்த ஊரு இது. அக்கா பையன்கிட்ட அந்தப் பழைய ரோபோ நோட்டு இன்னும் இருக்கான்னு கேட்டிருக்கேன். வீட்டுப் பரண்ல தேடிப் பார்க்கிறேன்னு சொல்லியிருக்கான்.